எலும்பு கூடியதா? ஏட்டில் இல்லை

எஸ்42.411டி. ஏழு இடம் கொண்ட இந்தக் குறியீட்டைப் பார்த்ததும், சென்னையிலோ திருச்சியிலோ கணினி முன் உட்கார்ந்திருக்கும் ஒரு மெடிக்கல் கோடருக்கு முழுக் கதையும் தெரிந்துவிடும். வலது மேற்கை எலும்பு முழங்கைக்குச் சற்று மேலே முறிந்திருக்கிறது. முறிந்த துண்டுகள் இடம் விலகியிருக்கின்றன. பிளவு மூட்டின் நடுவே இறங்கவில்லை. நோயாளி இப்போது வந்திருப்பது கை எப்படிக் கூடி வருகிறது என்று காட்ட. கூடுவதும் ஒழுங்காகவே நடக்கிறது.

அந்தக் கை ஒஹையோவிலோ டெக்சாசிலோ வளரும் ஏதோ ஒரு பிள்ளையுடையது. மூன்றாவது வாரத்தில் அது எந்த நிலையில் இருந்தது என்பதைத் தமிழ்நாட்டில் ஒருவர் எழுத்துப் பிசகாமல் பதிவு செய்கிறார். விலங்கியல், நர்சிங், பிசியோதெரபி என்று எதையாவது படித்துவிட்டுச் சின்ன ஊர்களிலிருந்து நகரத்துக்குப் போன பிள்ளைகள் பலருக்கு இன்று இதுதான் பிழைப்பு. ஆனால் திருவண்ணாமலை மாவட்டத்தில், செய்யாற்றங்கரையில் இருக்கும் கலசப்பாக்கத்தில் ஒரு பிள்ளைக்கு இதே எலும்பு முறிந்தால், இரண்டு மாதம் கழித்து அது நேராகக் கூடியதா, கோணலாகக் கூடியதா என்று மாவட்டத்தில் யாரைக் கேட்டாலும் பதில் வராது. முறிந்ததற்காவது ஒரு கணக்கு இருக்கும். கூடியதற்கு இல்லை. இந்தக் குறையைச் சரி செய்யலாம், பெரிய செலவும் ஆகாது.

முதலில் அந்தக் கடைசி எழுத்தைப் பார்ப்போம். அமெரிக்கா 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்தும் ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டுப் பட்டியலில் சுமார் 70 ஆயிரம் குறியீடுகள் இருக்கின்றன. முந்தைய பட்டியலில் இருந்தவை சுமார் 14 ஆயிரம். மரத்திலிருந்து விழுந்தால் ஒரு குறியீடு, கட்டிலிலிருந்து விழுந்தால் இன்னொரு குறியீடு என்று அந்த ஊர் மருத்துவர்களே கேலி பேசினார்கள். பட்டியல் இப்படி வீங்கியதற்கு இரண்டு பெரிய காரணங்கள்: வலது, இடது என்று பிரித்தது ஒன்று, ஏழாவது இடத்தில் ஓர் எழுத்தைச் சேர்த்தது மற்றொன்று. கேலிக்கு நடுவே அந்த எழுத்தின் அருமை பலருக்குத் தெரியாமல் போயிற்று.

மேற்கை எலும்பின் அடிமுனை முறிவுக்கு அந்த எழுத்து ‘ஏ’ என்றால் சிகிச்சை இன்னும் நடந்துகொண்டிருக்கிறது என்று பொருள். ‘டி’ என்றால் சிகிச்சை முடிந்து எலும்பு வழக்கம்போல் கூடிவருகிறது. ‘ஜி’ என்றால் கூடத் தாமதமாகிறது. ‘கே’ என்றால் கூடவே இல்லை. ‘பி’ என்றால் கூடிவிட்டது, ஆனால் கோணலாக. ‘எஸ்’ என்றால் எல்லாம் ஆறிய பிறகும் ஒரு பின்விளைவு தங்கிவிட்டது. தோலைக் கிழித்துக்கொண்டு எலும்பு வெளியே வந்த முறிவுக்கு வேறு எழுத்து உண்டு. முன்கை எலும்புகளின் மேல்முனை முறிந்திருந்தால் எழுத்துகள் இன்னும் கூடும். வெளிக்காயம் எவ்வளவு பெரியது என்பதையும் அவை சேர்த்துச் சொல்லும்.

புதிதாக வேலைக்குச் சேர்ந்த கோடர்கள் தடுக்கி விழும் இடம் ‘ஏ’க்கும் ‘டி’க்கும் நடுவில்தான். ‘ஏ’ என்றால் முதல் வருகை, ‘டி’ என்றால் இரண்டாம் வருகை என்று நினைத்துக்கொள்வார்கள். விதி அப்படிச் சொல்லவில்லை. எத்தனையாவது தடவை வந்தார் என்பதோ, புது மருத்துவரா பழைய மருத்துவரா என்பதோ கணக்கில்லை. சிகிச்சை நடக்கிறதா, முடிந்து கூடும் கட்டமா என்பதுதான் கணக்கு. முதல் நாள் அவசரப் பிரிவில் தற்காலிகக் கட்டு. ஐந்தாம் நாள் வேறொரு எலும்பு மருத்துவர் அறுவை சிகிச்சை செய்கிறார். இரண்டுமே ‘ஏ’. மூன்றாம் வாரம் கம்பியை உருவ வந்தால் ‘டி’. கட்டு மாற்ற வந்தாலும், எக்ஸ்ரே எடுத்துப் பார்க்க வந்தாலும் ‘டி’.

நம் ஊருக்கென்றே எழுதியதுபோல ஒரு விதியும் அதில் இருக்கிறது. எலும்பு முறிந்தும் சிகிச்சைக்கு வராமல் நாள் கடத்தி, பிறகு வந்தவருக்கு முதல் எழுத்தான ‘ஏ’வே போட வேண்டும். நாட்டு வைத்தியரிடம் புத்தூர் கட்டுப் போட்டுக்கொண்டு மாதம் கழித்து மருத்துவமனைக்கு வருகிறவர்களை அமெரிக்காவில் யாரும் நினைத்திருக்க மாட்டார்கள். ஆனாலும் அவர்களுக்கு ஓர் இடம் அங்கே இருக்கிறது.

இதையெல்லாம் விட முக்கியமான விதி ஒன்று உண்டு. மருத்துவர் எழுதாததைக் கோடர் எழுதக் கூடாது. எக்ஸ்ரே படத்தைத் தானே பார்த்து “நன்றாகக் கூடியிருக்கிறது” என்று அவர் முடிவு செய்ய முடியாது. மருத்துவரின் குறிப்பில் அந்த வரி இருக்க வேண்டும். இல்லையென்றால் கேட்டு வாங்க வேண்டும். அதனால் ஏழாவது எழுத்துக்கு அஞ்சியாவது, எலும்பு எந்த நிலையில் இருக்கிறது என்று மருத்துவர் ஒரு வரி எழுதிவிடுகிறார்.

இனி கலசப்பாக்கத்துக்கு வருவோம். ஆறு வயதுப் பிள்ளை ஒன்று கொய்யா மரத்திலிருந்து விழுகிறது என்று வைத்துக்கொள்வோம். நீட்டிய கையை ஊன்றி விழுந்தால் முறிவது பெரும்பாலும் முழங்கைக்குச் சற்று மேலேதான். குழந்தைகளுக்கு முழங்கைப் பக்கம் ஏற்படும் முறிவுகளில் முதலிடம் இதற்கே. ஐந்து முதல் ஏழு வயதுக்குள் மிக அதிகம். அந்த வயதில் எலும்பு அங்கே மெல்லிய தகடாக இருக்கிறது. 1959-ல் கார்ட்லண்ட் என்ற அமெரிக்க மருத்துவர் இந்த முறிவை மூன்று வகையாகப் பிரித்தார். இன்றும் எலும்பு மருத்துவர்கள் அந்த மூன்று வகையைத்தான் பேசுகிறார்கள். எலும்பு விலகாத முதல் வகைக்கு மூன்று வாரம் மாவுக்கட்டுப் போதும். முழுதாக விலகிய மூன்றாம் வகைக்கு மயக்கம் கொடுத்து, எலும்பை இடத்தில் பொருத்தி, தோல் வழியாக மெல்லிய கம்பிகளைச் செலுத்துவார்கள். மூன்று நான்கு வாரத்தில் கம்பியை உருவிவிடுவார்கள்.

பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடும் குடும்பத்துக்கு முன்னால் பல வழிகள் இருக்கின்றன. வடக்கே போளூர், தெற்கே திருவண்ணாமலை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. கையில் கொஞ்சம் காசு இருந்தால் வேலூர் சிஎம்சி. இவை எதுவும் வேண்டாம் என்றால் ஆந்திரத்துப் புத்தூர், அல்லது அதே பெயரைப் பலகையில் எழுதி வைத்திருக்கும் பக்கத்து ஊர் வைத்தியர். பச்சிலைக் குழம்பு, முட்டையின் வெள்ளைக்கரு, மூங்கில் பட்டை, துணிக்கட்டு. வட தமிழ்நாட்டில் இதை அறியாத வீடு இல்லை. நகராத எலும்பு இந்தக் கட்டிலும் கூடிவிடும் என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். அந்த வெற்றிகள்தான் இத்தனை தலைமுறையாக இதை நிற்க வைத்திருக்கின்றன.

ஆனால் முழங்கை வேறு. மேற்கையின் பெரிய ரத்தக் குழாய் முறிவுக்கு முன்னால்தான் ஓடுகிறது. வீங்கும் கையில் இறுக்கிக் கட்டினால், அது மாவுக்கட்டாக இருந்தாலும் மூங்கில் கட்டாக இருந்தாலும், முன்கைத் தசைக்கு ரத்தம் நின்றுபோகும். சில மணி நேரத்தில் தசை சாகத் தொடங்கும். பிறகு விரல்கள் கொக்கிபோல் மடங்கி அப்படியே நின்றுவிடும். 1881-ல் ஜெர்மானிய அறுவை மருத்துவர் ஃபோல்க்மன் எழுதி வைத்த இந்தக் கொடுமை இன்றும் அவர் பெயரால்தான் அறியப்படுகிறது. பிள்ளையின் விரல்களை மெதுவாக நீட்டும்போது தாங்க முடியாத வலி வந்தால், எந்தக் கட்டாக இருந்தாலும் உடனே அவிழ்க்க வேண்டும். விடியும்வரை காத்திருக்கக் கூடாது.

இன்னொரு விளைவு இவ்வளவு பயங்கரமாக இருக்காது, அதனாலேயே கவனிக்கப்படுவதில்லை. விலகிய எலும்பு சரியாகப் பொருந்தாமல் கூடினால் முழங்கையிலிருந்து கை உள்பக்கமாகத் திரும்பிவிடும். துப்பாக்கியின் அடிக்கட்டை போன்ற வளைவு என்று மருத்துவ நூல்கள் சொல்லும். வலி இருக்காது, வேலை பெரும்பாலும் நடக்கும். பிள்ளை கையை மடக்கி வைத்துக்கொண்டு சட்டைக்குள் மறைத்துக்கொள்ளும். கையை நீட்டச் சொன்னால்தான் தெரியும். அமெரிக்க ஏட்டில் இந்தக் கைக்குக் கடைசி எழுத்து ‘பி’. இங்கே எந்த எழுத்தும் இல்லை.

கட்டுப் பிரித்த பிறகு நடப்பது இன்னொரு கதை. விறைத்த மூட்டைத் தளர்த்துவதாக எண்ணெய் போட்டு உருவுவது வழக்கம். பாட்டிமார் அன்பாகச் செய்யும் இந்த வேலை முழங்கைக்கு நல்லதில்லை. வலுவாக உருவினால் மூட்டைச் சுற்றியுள்ள தசையில் எலும்பு படிந்து, விறைப்பு இன்னும் கூடிவிடும். குழந்தைகளுக்குக் கையைத் தானாக விளையாட விட்டாலே பெரும்பாலும் சில மாதங்களில் மடக்கல் நீட்டல் திரும்பிவிடும். இதைச் சொல்ல வேண்டிய இடம் தொடர் பரிசோதனை. அங்கே வராதவருக்கு யார் சொல்வது?

பெரியவர்களுக்குச் சிக்கல் வேறு வகை. ஆரணிப் பட்டு நெய்யும் வட்டாரத்தில் ஒரு நெசவாளி வண்டியிலிருந்து விழுந்து முழங்கை முனையை உடைத்துக்கொண்டால், எலும்பு கூடுவது பாதி வேலைதான். முழங்கை எவ்வளவு மடங்கி நீளுகிறது என்பதில்தான் அவருடைய சோறு இருக்கிறது. அன்றாட வேலைகளுக்கு 30 பாகையிலிருந்து 130 பாகை வரை முழங்கை அசைந்தால் போதும் என்று 1981-ல் மோரியும் அவருடன் சேர்ந்தவர்களும் அளந்து சொன்னார்கள். சாப்பிடவும் தலை வாரவும் அது போதும். நாள் முழுக்க நாடாக் கயிற்றை இழுத்துக்கொண்டிருக்கிற கைக்கும் போதுமா என்பதை, தறியில் உட்காரவைத்துத்தான் பார்க்க வேண்டும். கையின் வலு போய் நெசவை விட்டவர் எத்தனை பேர் என்பதற்கு எந்தத் துறையிடமும் கோப்பு இல்லை.

காசு எங்கே நிற்கிறது என்று பார்த்தால் ஏடு ஏன் நிற்கிறது என்று புரியும். 2009-ல் கலைஞர் காப்பீட்டுத் திட்டமாகத் தொடங்கி, 2012 ஜனவரி 11 முதல் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டமாக நடப்பது 2018-ல் ஆயுஷ்மான் பாரத்துடன் இணைந்தது. ஆயுஷ்மான் விதிப்படி, படுக்கையில் சேரும் முன் 3 நாள் செலவும் வீடு திரும்பிய பின் 15 நாள் செலவும் தொகுப்புக்குள் வரும். புறநோயாளிச் சிகிச்சை வராது. சாலை விபத்தில் அடிபட்டவருக்கு 2021 டிசம்பர் 18 முதல் ‘இன்னுயிர் காப்போம்’ திட்டம் இருக்கிறது. அது முதல் 48 மணி நேரத்தைப் பார்த்துக்கொள்கிறது. இரண்டும் நல்ல திட்டங்கள், உயிர்களைக் காப்பாற்றிய திட்டங்கள். ஆனால் பிள்ளையின் கையிலிருந்து கம்பியை உருவ வேண்டியது மூன்றாம், நான்காம் வாரத்தில். 15 நாள் கணக்கு அதற்குள் முடிந்துவிடுகிறது.

அரசு மருத்துவமனையில் கம்பி எடுக்க யாரும் காசு கேட்பதில்லை என்பது உண்மை. குடும்பத்தைத் தடுப்பது வேறு. ஒரு நாள் கூலி போகும், வரிசையில் அரை நாள் போகும். “கை நல்லாத்தானே இருக்குது, எதுக்குப் போகணும்?” என்ற கேள்வி வீட்டிலேயே எழும். வரவில்லையே என்று தேடிக் கேட்க மருத்துவமனைக்கும் காரணமில்லை. வருகைக்கு யாரும் கணக்குக் கேட்பதில்லை, வராததற்கும் கேட்பதில்லை.

அமெரிக்காவைப் புகழ்வதற்காக இதை எழுதவில்லை. அங்கே குறியீடு பிறந்ததும் பெருத்ததும் பில் போடத்தான். ஒரு கை முறிவுக்கு வரும் தொகையைச் சரிபார்க்கத் தமிழ்நாட்டில் ஒரு படை இரவு ஷிப்டில் உட்கார வேண்டியிருக்கிறது என்றால், அந்த அமைப்பை யாரும் அப்படியே இறக்குமதி செய்ய விரும்ப மாட்டார்கள். ஆனால் அந்தப் பணக் கணக்குக்குள்ளேயே ஒரு வேடிக்கை ஒளிந்திருக்கிறது. அறுவை சிகிச்சைக்குக் கொடுக்கும் தொகையில் அடுத்த 90 நாள் தொடர் பரிசோதனையும் அடக்கம். அந்த நாட்களில் நோயாளி வந்தால் மருத்துவர் 99024 என்ற எண்ணைப் போட வேண்டும். அதற்குக் கிடைக்கும் தொகை பூஜ்யம். காசு வராத வருகைக்கும் ஓர் எண் வைத்திருக்கிறார்கள். 2017 ஜூலை முதல் ஒன்பது மாநிலங்களில் இந்த எண்ணைக் கட்டாயமாக எழுதச் சொன்னது அமெரிக்க அரசின் மெடிகேர் காப்பீட்டு நிர்வாகம். திரட்டியதை ராண்ட் ஆய்வு நிறுவனம் கூட்டிப் பார்த்தபோது, 90 நாள் வகை அறுவைகளில் எதிர்பார்த்த தொடர் வருகைகளில் 39 சதவீதம்தான் பதிவாகியிருந்தது.

அங்கேயும் வருவதில்லை போலிருக்கிறது, அல்லது எழுதுவதில்லை. எதுவாக இருந்தாலும், எண்ணியதால் ஓட்டை தெரிந்தது.

தமிழ்நாட்டுக்குத் தொடர்ந்து பார்க்கத் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. உலகத்துக்கே அதைக் கற்றுக்கொடுத்த ஊர் சென்னை. 1956-ல் இங்கே தொடங்கிய காசநோய் மருந்துச் சிகிச்சை மையம், நோயாளிகளில் ஒரு பகுதியினரைச் சானடோரியத்தில் வைத்தது, மற்றவர்களை வீட்டிலேயே வைத்து மருந்து கொடுத்தது. வீட்டுச் சிகிச்சை சளைத்ததல்ல என்ற முடிவு 1959-ல் வெளியானது. அதோடு விட்டுவிடவில்லை. அதே நோயாளிகளை ஐந்து வருடம் பின்தொடர்ந்து, 1966-ல் அதையும் வெளியிட்டார்கள். இன்றும் காசநோய்ப் பதிவேட்டில் ஒவ்வொருவர் பெயருக்கும் எதிரே முடிவு என்ன என்று எழுத வேண்டும்: குணமானார், மருந்தை முடித்தார், தொடர்பு விட்டுப்போனது. தொடர்பு விட்டவருக்கும் அங்கே ஒரு பெயர் உண்டு.

கர்ப்பிணிகள் விஷயத்திலும் அப்படித்தான். கருவுற்றதும் பதிவு எண், பிரசவம், குழந்தையின் தடுப்பூசி வரை பிக்மி இணையப் பதிவில் ஒரே சங்கிலியாக வருகிறது. கிராம சுகாதாரச் செவிலியர் வீடு தேடி வந்து கேட்கிறார். 2021 ஆகஸ்ட் 5 அன்று தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ ரத்த அழுத்தத்துக்கும் சர்க்கரைக்கும் மாத்திரையோடு வாசலுக்கு வருகிறது. அதில் பிசியோதெரபிஸ்டும் இருக்கிறார். இத்தனை ஏற்பாட்டுக்கு நடுவே முறிந்த கை மட்டும் யாருக்கும் சொந்தமில்லாமல் கிடக்கிறது.

செய்ய வேண்டியது பெரிய காரியம் இல்லை. எழுபதாயிரம் குறியீடும் வேண்டாம். இந்தியாவில் காப்பீட்டுக் கோரிக்கைப் படிவங்களில் ஏற்கெனவே புழங்கும் ஐசிடி-10 உலகச் சுகாதார நிறுவனத்துடையது. அதில் முறிவுச் சிகிச்சைக்குப் பின் பரிசோதனைக்கு வருவதற்கு இசட்09.4 என்று ஓர் எண் உண்டு. கோணலாகக் கூடியதற்கு எம்84.0, கூடாததற்கு எம்84.1, தாமதத்துக்கு எம்84.2. எல்லாம் அச்சில் இருப்பவை. நெரிசலான எலும்புப் பிரிவில் மருத்துவர் எண் தேடிக்கொண்டிருக்க முடியாது. தேட வேண்டியதும் இல்லை. ஓ.பி. சீட்டில் நான்கு கட்டம் கொண்ட ஒரு ரப்பர் முத்திரை போதும்: கூடுகிறது, தாமதம், கூடவில்லை, கோணல். ஒரு டிக். எண்ணைப் பிறகு கணினியில் ஏற்றிக்கொள்ளலாம். அதை ஏற்றத் தெரிந்த பிள்ளைகள் இந்த மாநிலத்தில் எத்தனை ஆயிரம் பேர் இருக்கிறார்கள் என்று சொல்லத் தேவையில்லை.

கூடவே மூன்று சின்ன வேலைகள். கம்பியோ கட்டோ போட்டு அனுப்பிய குழந்தை குறித்த வாரத்தில் வரவில்லை என்றால், அந்தப் பகுதிச் செவிலியருக்குத் தகவல் போக வேண்டும். பள்ளிகளுக்கு வரும் ஆர்பிஎஸ்கே மருத்துவக் குழு, பல்லையும் கண்ணையும் பார்ப்பதோடு, இரண்டு கைகளையும் பக்கவாட்டில் நீட்டச் சொல்லி ஒரு முறை பார்க்க வேண்டும். பத்து விநாடி வேலை. காப்பீட்டில் 15 நாள் என்பதை, எலும்பு முறிவுக்கு மட்டுமாவது எட்டு வாரமாக நீட்ட வேண்டும்.

கட்டு வைத்தியர்களை இந்தக் கணக்குக்கு வெளியே நிறுத்துவது புத்திசாலித்தனம் ஆகாது. தடை போட்டால் அவர்கள் பலகையைக் கழற்றிவிட்டுத் தொழிலைத் தொடர்வார்கள். குழந்தையின் முழங்கை வீங்கியிருந்தால் கட்டாதே, எக்ஸ்ரேக்கு அனுப்பு என்ற ஒரே பாடத்தை அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தால் சில பிள்ளைகளின் விரல்கள் தப்பும். நாட்டு மருத்துவத்தின் பெருமை பேசும் மேடைகள் இந்த ஒரு எச்சரிக்கையைச் சேர்த்துப் பேசினால் நல்லது.

இதற்குச் சட்டம் தேவையில்லை. மக்கள் நல்வாழ்வுத் துறையின் ஒரு சுற்றறிக்கை போதும். திருவண்ணாமலை மாவட்டத்தில் ஒரு வருடம் நடத்திப் பார்க்கலாம். அது வரும்வரை பெற்றோர் செய்யக்கூடியது இருக்கிறது. பிள்ளையின் கைக்கு எடுத்த முதல் எக்ஸ்ரேயைப் பத்திரமாக வையுங்கள். வலி இல்லை என்றாலும் சொன்ன தேதியில் போங்கள். கட்டுப் பிரித்த அன்று, எலும்பு எப்படிக் கூடியிருக்கிறது என்பதைச் சீட்டில் ஒரு வரி எழுதித் தரும்படி மருத்துவரிடம் கேளுங்கள். கேட்டால் எழுதித் தருவார்கள்.